புகை அடங்கிய பிறகு

சினிமாவில் குண்டு வெடிக்கும்போது ஆரஞ்சு நிறத்தில் ஒரு நெருப்புப் பந்து சுருண்டு சுருண்டு மேலே போகிறதே, அது வெடி அல்ல, பெட்ரோல். நிஜ வெடியில் நெருப்பைப் பார்ப்பது அபூர்வம். குவாரியில் வரிசையாகக் குழி போட்டு, மருந்து அடைத்து வெடித்தால், பாறை முகம் ஒரு கணம் முன்னால் தள்ளி அப்படியே சரியும். பின்னாலேயே சாம்பல் நிறத் தூசி எழும். காலுக்கடியில் ஓர் உதறல். முதன்முறை பார்க்க வருகிறவர்கள் “அவ்வளவுதானா?” என்பார்கள். அதைக் கேட்டால் எனக்கு நிம்மதி. மருந்து தன் சக்தியை எல்லாம் கல்லுக்குள்ளேயே செலவழித்துவிட்டது, வெளியே வீணடிக்க ஒன்றும் மிச்சமில்லை என்று அர்த்தம்.

காமிராவுக்கு வைக்கும் வெடி இதற்கு நேர் எதிர். அங்கே உண்மையில் எதுவும் உடையக் கூடாது. எல்லாம் உடைந்தது போலத் தெரிய வேண்டும். சக்தி கொஞ்சம், காட்சி பெரிது. இரண்டு வேலையும் செய்தவன் என்பதால் சொல்கிறேன்: ஜனங்கள் பயப்பட வேண்டியதற்குப் பயப்படுவதில்லை. நெருப்புப் பந்தைக் கண்டு அலறுவார்கள். மருந்தைத் தூண்டுகிற டெட்டனேட்டரை, சுண்டுவிரல் நீள அலுமினியக் குழாயை, கையில் எடுத்து உருட்டிப் பார்ப்பார்கள்.

நான் வளர்ந்தது டாலிகஞ்சில். போர்ட் பிளேரை ஒட்டி, கராச்சர்மா பக்கத்தில் இருக்கிற ஊர். இப்போது தேசியக் கடல் தொழில்நுட்பக் கழகத்தின் மையம் எல்லாம் வந்து ஊர் மாறிவிட்டது. போர்ட் பிளேருக்கே 2024இல் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாற்றிவிட்டார்கள். எங்கள் வாயில் இன்னும் பழைய பெயர்தான். அப்பா ராமநாதபுரம் பக்கத்திலிருந்து கப்பலேறி வந்து, அந்தமான் டிரங்க் ரோட்டுக்குப் பாறை வெட்டும் வேலையில் சேர்ந்தவர். வெடிக்காரர் குழிக்கு மருந்து வைத்துவிட்டு விசில் ஊதினால், சிவப்புக் கொடியோடு சாலையில் நின்று ஆட்களைத் தடுப்பது அப்பாவின் வேலை. “கொடி பிடிக்கிறவன் தூங்கினா வெடிக்காரன் கொலைகாரன் ஆயிடுவான்டா” என்பார். நானும் கொடி பிடிப்பதில்தான் ஆரம்பித்தேன். பிறகு கம்ப்ரசரும் ஜாக்ஹாமரும், பிறகு குழியில் மண் அடைப்பது, அதன் பிறகுதான் மருந்தைத் தொட விட்டார்கள்.

தீவில் இந்தத் தொழிலுக்குத் தனிச் சங்கடங்கள் உண்டு. மருந்து மெயின்லேண்டிலிருந்து கடல் வழியாக வர வேண்டும். மற்ற சாமானோடும் பயணிகளோடும் சேர்த்து ஏற்ற முடியாது. தனி அனுமதி, தனிப் பெட்டி, டெட்டனேட்டரும் மருந்துத் தோட்டாவும் வெவ்வேறு இடம். கடல் கொந்தளித்தால் வேலையே நின்றுவிடும். அதனால் இங்கே ஒரு தோட்டாவை வீணாக்குவது பெரிய பாவம். கிடங்குக்கு மேகஸின் என்று பெயர். அதன் பதிவேட்டில் வந்தது, எடுத்தது, வெடித்தது, திரும்பியது என்று ஒவ்வொரு டெட்டனேட்டருக்கும் கணக்கு இருக்க வேண்டும். அன்றைய வேலை முடிந்து அந்தக் கணக்கு நேராகும்வரை யாரும் வீட்டுக்குப் போக முடியாது. “ரெண்டு தோட்டா குடுண்ணே, மீனுக்குத்தான்” என்று கேட்டு வருகிறவர்கள் எல்லாக் கரையிலும் இருக்கிறார்கள். மீனுக்கு வெடி போட்டுக் கையை இழந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். கொடுத்தவனுக்கு ஜெயில், வாங்கியவனுக்குக் கை போகும், பவளப்பாறைக்கு உயிர் போகும். இதில் எனக்கு இரண்டாவது யோசனை எப்போதும் இருந்ததில்லை.

மருந்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கருமருந்து எரிகிறது, வேகமாக எரிகிறது, அவ்வளவுதான். தோட்டாவில் இருப்பது எரிவதில்லை. அதற்குள் ஓர் அதிர்ச்சி அலை ஓடுகிறது. எமல்ஷன் தோட்டாவில் அந்த அலை விநாடிக்கு 4,000 முதல் 5,000 மீட்டர் வரை போகும். டெட்டனேட்டிங் கார்டு என்கிற வெடிக்கயிற்றில் 6,500 மீட்டருக்கும் மேல். போர்ட் பிளேரிலிருந்து சென்னைக்குக் கப்பலில் மூன்று நாள். அவ்வளவு தூரத்துக்கு அந்தக் கயிற்றைப் போட்டு இந்த முனையில் பற்றவைத்தால் மூன்று நிமிடத்தில் மெரினாவில் வெடிக்கும். மனிதக் கை எதுவும் இந்த வேகத்தோடு போட்டி போட முடியாது. அதனால் எல்லாப் புத்திசாலித்தனமும் பொத்தானை அழுத்துவதற்கு முன்பே தீர்ந்துவிட வேண்டும்.

நான் கற்ற காலத்தில் ஜெலட்டின் குச்சி நைட்ரோகிளிசரின் கலந்தது. அதைத் தொட்ட கையால் நெற்றி வியர்வையைத் துடைத்தால் போதும், மண்டை பிளக்கிற தலைவலி வரும். 2004இல் நைட்ரோகிளிசரின் சேர்த்த மருந்துகளுக்குத் தடை வந்தது. எமல்ஷன் வந்தது, தலைவலி போனது. ஆனால் குவாரியில் இன்னும் எல்லாவற்றுக்கும் ஜெலட்டின் என்றுதான் பெயர்.

சினிமா எங்கள் ஊருக்கே வந்து என்னைக் கூட்டிப்போனது. 1978இல் ‘அந்தமான் காதலி’ வந்தபோது நான் சின்னப் பையன். பிரியதர்ஷனின் ‘காலாபானி’க்காகச் செல்லுலார் சிறையில் படப்பிடிப்பு நடந்தபோது வேலைக்குப் போகிற வயது. தமிழில் அது ‘சிறைச்சாலை’ என்று 1996இல் வந்தது. அந்தப் படத்தின் ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்காக எஸ்.டி. வெங்கிக்கு தேசிய விருது கிடைத்தது. கலை இயக்கத்துக்கு சாபு சிரிலுக்கு. வேடிக்கை பார்க்கப் போன கூட்டத்தில் நின்றுகொண்டு, இப்படி ஒரு தொழில் இருக்கிறது என்பதையே அப்போதுதான் தெரிந்துகொண்டேன். கல்லை உடைத்துக்கொண்டிருந்தவனுக்குப் பொய்யாக உடைப்பதற்கும் சம்பளம் உண்டு என்பது ஆச்சரியமாக இருந்தது. ஒரு யூனிட்காரரின் விலாசத்தை வாங்கிக்கொண்டு சென்னைக்குக் கப்பலேறினேன்.

கோடம்பாக்கத்தில் எனக்கு வாய்த்த மாஸ்டர் அதிகம் பேச மாட்டார். போன புதிதில் அவர் கொடுத்தது ஒரு சல்லடை. “தம்பி, இந்த மண்ணைச் சலி.” சலித்தேன். “மறுபடி சலி.” குண்டு விழுந்து மண் பீறிட்டு எழுகிற காட்சிக்கு அந்த மண். குழிக்குள் கனமான இரும்புத் தொட்டி ஒன்றைப் பதித்து, அடியில் கொஞ்சம் மருந்து, மேலே முல்தானி மட்டி, கார்க்குத் துண்டு, சாயம் பூசிய தெர்மோகோல், சலித்த மண் என்று நிரப்புவார்கள். மருந்து அந்தக் கலவையைத் தூக்கி எறிய மட்டும்தான். அந்த மண்ணில் புளியங்கொட்டை அளவுக்கு ஒரு கல் கிடந்தால் அதுதான் துப்பாக்கித் தோட்டா. படத்தில் வானம் வரைக்கும் பறக்கிற ‘பாறை’களைத் தூக்கிப் பாருங்கள், காகிதக் கனம்கூட இருக்காது.

கார் வெடிக்கிற காட்சிக்கு ஒரு நாள் முழுக்க வேலை. இன்ஜினைக் கழற்றிவிடுவோம், பெட்ரோல் டாங்கைக் கழற்றிவிடுவோம். கண்ணாடி கூடாது. பானட்டின் போல்ட்டை எல்லாம் எடுத்துவிட்டு லேசான கம்பியில் நிறுத்துவோம். கதவும் அப்படித்தான். எந்தத் துண்டு எந்தப் பக்கம் பறக்க வேண்டும் என்று முன்பே முடிவு. சில துண்டுகளைச் சங்கிலி போட்டுக் கட்டிவைப்பதும் உண்டு. எழும்பும், ஆனால் காமிராவைத் தாண்டாது. கடைசியில் பார்த்தால் அந்தக் கார் கார் அல்ல, கார் போலிருக்கும் தகர டப்பா.

துப்பாக்கிச் சூடு இன்னும் நுணுக்கமானது. நடிகரின் சட்டையை உள்பக்கம் உப்புத்தாளால் தேய்த்து நூலை மெலிதாக்குவோம். வெளியே பார்த்தால் தெரியாது. அதன்பின் சாய ரத்தம் நிரப்பிய சின்னப் பை, அதற்குப் பின்னால் பட்டாணி அளவு மருந்து, அதற்குப் பின்னால் உலோகத் தகடு, தகட்டுக்குப் பின்னால் தோல், பஞ்சு. அதற்கெல்லாம் பின்னால்தான் உடம்பு. மருந்து வெளியே பார்த்துத்தான் வெடிக்கும். வயர் கால்சட்டைக்குள் இறங்கி எங்கள் பலகைக்கு வரும். அந்தக் காலத்துப் பலகையில் வரிசையாக ஆணிகள், ஆணிக்கு ஒரு வயர், கையில் ஒரு கம்பி. கம்பியை ஆணிகள்மேல் இழுத்தால் மார்பில் ‘டப டப’ என்று வரிசையாக ஓட்டை விழும். மாஸ்டர் இழுப்பது மிருதங்கக்காரர் விரல் மாதிரி இருக்கும் என்று யூனிட்டில் சொல்வார்கள். நான் இழுத்தால் யாரும் அப்படிச் சொன்னதில்லை.

டைரக்டர்கள் கேட்பது எப்போதும் ஒன்றுதான். “மாஸ்டர், இன்னும் கொஞ்சம் பெரிசா வேணும்.” எங்கள் மாஸ்டர் பதிலும் எப்போதும் ஒன்றுதான். “பெரிசா வேணும்னா காமிராவை வேகமா ஓட்டச் சொல்லுங்க சார். மருந்தைக் கூட்ட மாட்டேன்.” 24 ஃபிரேமில் எடுக்க வேண்டியதை 96இல் எடுத்தால் ஒரு விநாடி நெருப்பு திரையில் நான்கு விநாடி நிற்கும். கீழிருந்து அகன்ற லென்ஸில் பார்த்தால் நாலு மாடி உயரம். சத்தம் பின்னால் ஸ்டுடியோவில் சேர்ப்பது. மருந்தைக் கூட்டித்தான் காட்சியைப் பெரிதாக்க வேண்டும் என்று நினைக்கிறவருக்கு சினிமாவும் தெரியாது, மருந்தும் தெரியாது.

இந்த இடத்தில் இலங்கையில் நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’ படத்துக்காக டேவிட் லீன், கித்துல்கலவில் களனி ஆற்றின்மேல் நிஜமாகவே ஒரு மரப் பாலம் கட்டினார். 1957 மார்ச்சில் அதன்மேல் நிஜ ரயிலை ஓட்டி வெடித்தார்கள். வேடிக்கை பார்க்கப் பிரதமர் பண்டாரநாயக்கவே வந்திருந்தார். காமிராக்காரர்கள் காமிராவை ஓடவிட்டு, பள்ளத்துக்குள் பத்திரமாகப் பதுங்கியபின் ஒரு சுவிட்சைப் போட வேண்டும். லீன் முன்னால் உள்ள பலகையில் ஆளுக்கொரு விளக்கு எரியும். எல்லா விளக்கும் எரிந்தால்தான் வெடி. ரயில் வந்துவிட்டது, ஒரு விளக்கு எரியவில்லை. ஓர் ஆள் இன்னும் வெளியே நிற்கலாம் என்று அர்த்தம். லீன் வெடிக்க வேண்டாம் என்றார். ரயில் பாலத்தைக் கடந்து அக்கரையில் நின்ற ஜெனரேட்டரில் போய் மோதியது. எல்லாவற்றையும் சரிசெய்து மறுபடி எடுத்தார்கள். அந்த ஆள் பத்திரமாகத்தான் இருந்தார், சுவிட்சைப் போட மறந்திருந்தார், அவ்வளவே. அந்தப் படம் வாங்கிய ஆஸ்கர்களைவிட, எரியாத அந்த ஒரு விளக்குக்காக லீன்மேல் எனக்கு மரியாதை அதிகம்.

எதிர்ப்பக்கமும் உண்டு. 1982 ஜூலையில் கலிஃபோர்னியாவில் ‘ட்விலைட் ஸோன்’ படப்பிடிப்பில், தாழப் பறந்த ஹெலிகாப்டருக்குக் கீழேயே வெடி வைத்தார்கள். வால் விசிறி சிதைந்து ஹெலிகாப்டர் விழுந்தது. விக் மாரோ என்ற நடிகரும் இரண்டு குழந்தைகளும் செத்தார்கள். நம் பக்கம் 1989 பிப்ரவரியில் மைசூர் பிரீமியர் ஸ்டுடியோவில் ‘திப்பு சுல்தான்’ தொடருக்கான தளம் தீப்பிடித்து 60 பேருக்கு மேல் மாண்டார்கள். எதிரொலி வராமலிருக்கச் சுவரெல்லாம் சணல் சாக்கு கட்டியிருந்த தளம் அது. இந்த இரண்டும் எந்த எஃபெக்ட்ஸ்காரருக்கும் பாடமாகச் சொல்லப்பட வேண்டியவை. நம் ஊரில் அப்படிச் சொல்லித்தருகிற பள்ளிக்கூடம் எதையும் நான் பார்க்கவில்லை.

என் சினிமா வாழ்க்கை முடிந்ததும் ஓர் எரியாத விளக்கால்தான். ஒரு படம், பேர் வேண்டாம். சாயங்கால வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. ஒரு சுவரில் வரிசையாக வைத்ததில் இரண்டு வெடிக்கவில்லை. வெடிக்காத மருந்தை மிஸ்ஃபயர் என்போம். வயரைக் கழற்றி, முனைகளை ஒன்றோடொன்று முறுக்கி, காத்திருக்க வேண்டும். பிறகு வைத்தவன் மட்டும் போய்ப் பார்க்க வேண்டும். அது குவாரியிலும் அப்படித்தான், கோடம்பாக்கத்திலும் அப்படித்தான். தயாரிப்பு மேலாளர் ஓடி வந்து “லைட் போகுது, பசங்களை விட்டு அடுத்த ஷாட்டுக்கு ரெடி பண்ணுங்க” என்றார். “புகை அடங்கட்டும் சார்” என்றேன். கத்தினார். மருந்துக்கு மின்சாரம் கொடுக்கிற எக்ஸ்ப்ளோடர் பெட்டியின் சாவி என் சட்டைப்பையில் இருந்தது. வயர் இணைக்கிறவன் பையில்தான் அது இருக்க வேண்டும், வேறு யார் கையிலும் கூடாது. நான் நகரவில்லை, வெளிச்சம் போய்விட்டது. பாக்கிச் சம்பளம் இன்றுவரை வரவில்லை. அடுத்த கப்பலில் ஊருக்கு வந்துவிட்டேன்.

ஊரில் கட்டடம் இடிக்கிற வேலைக்கு வெடி தேவைப்படுவதே இல்லை. பூகம்ப ஆபத்து மிக அதிகமுள்ள மண்டலம் எங்களுடையது. அடுக்குமாடி என்று பெரிதாக ஒன்றும் கிடையாது. ஆனால் வெடி வைத்துக் கட்டடம் இறக்குவதை நேரில் பார்க்க வேண்டும் என்ற ஆசை எல்லா வெடிக்காரருக்கும் உண்டு. 2016 நவம்பர் 2, சென்னைக்கு ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தவன் மௌலிவாக்கத்துக்கு ஓடினேன்.

கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். போரூர் பக்கத்தில் இரட்டை அடுக்குமாடி, தலைக்கு 11 மாடி. 2014 ஜூன் 28 அன்று மழையில் ஒன்று சரிந்து 61 பேர் செத்தார்கள். பெரும்பாலும் ஆந்திராவிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்தும் வந்த கட்டடத் தொழிலாளர்கள். மிச்சம் நின்ற ஒன்றும் ஆபத்து என்று முடிவாகி, திருப்பூர் நிறுவனம் ஒன்றிடம் இடிக்கக் கொடுத்தார்கள். தமிழ்நாட்டில் உள்வெடிப்பு முறையில் இறக்கிய முதல் அடுக்குமாடி அதுதான்.

மதியம் என்றார்கள், மாலை ஏழு மணியை ஒட்டித்தான் நடந்தது. சுற்றிலும் மொட்டைமாடிகளில் கைபேசியோடு ஜனம். “இன்னும் ஏன் அமுக்க மாட்டேங்கிறான்?” என்று பக்கத்தில் நின்ற பெரியவர் கேட்டார். “அமுக்காம இருக்கிறவரைக்கும் நல்லதுதான் ஐயா” என்றேன். இருட்டில் கீழ்த்தளங்களில் படபடவென்று ஒரு வரிசைச் சத்தம். ஒரே ‘டமார்’ அல்ல. அந்தப் படபடப்பில்தான் வேலையே இருக்கிறது. பிறகு ஓர் இமைப்பொழுது எதுவுமே நடக்கவில்லை. அப்புறம் கட்டடம் கீழே போனது. சுமார் மூன்று விநாடி. தூசி மேகம் வந்து எங்களை மூடியது. ஜனம் கைதட்டியது. முகத்தில் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டு நான் பார்த்தது வேறு: தலைக்கவசம் போட்ட நாலைந்து பேர் மெதுவாக, ரொம்ப மெதுவாக அந்தக் குவியலை நோக்கிப் போனார்கள். அவர்களுக்குத்தான் நான் மனதுக்குள் கை தட்டினேன்.

கட்டடத்தை இறக்குவது வெடி அல்ல, கட்டடத்தின் எடைதான். வெடிக்காரன் அந்த எடை நின்றுகொண்டிருக்கிற கால்களை, குறிப்பிட்ட வரிசையில், மில்லிவிநாடிக் கணக்கில் தட்டிவிடுகிறான். அதற்கு முன்னால் வாரக் கணக்கில் வேலை: தாங்காத சுவர்களை எல்லாம் எடுத்துவிடுவது, படிக்கட்டையும் லிஃப்ட் சுவரையும் பலவீனமாக்குவது, தூண்களில் குழி போடுவது, துண்டு பறக்காதபடி தூணுக்குக் கம்பி வலையும் கனத்த துணியும் சுற்றுவது. எந்தப் பக்கத் தூண் முதலில் போகிறதோ அந்தப் பக்கம் கட்டடம் சாயும்.

இதற்கு நல்ல சாட்சி கொச்சி மரடு. கடலோர ஒழுங்குமுறை விதியை மீறியவை என்று நான்கு குடியிருப்புகளை இடிக்க 2019 மே மாதம் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் ஐந்து கட்டடங்களும் இறங்கின. ஆல்ஃபா செரீன் இரட்டைக் கோபுரம் சென்னையின் விஜய் ஸ்டீல்ஸ் கையில். மற்றவை மும்பை எடிஃபிஸும் தென்னாப்பிரிக்க ஜெட் டெமாலிஷனும் சேர்ந்து. ஆலோசனைக்கு இந்தூரிலிருந்து வந்தவர் எஸ்.பி. சர்வாத்தே. சுரங்கப் பொறியாளர், இந்தியாவில் இந்தத் தொழிலுக்கு மூத்தவர். நிலம் எவ்வளவு அதிர்கிறது என்று அளக்கச் சென்னை ஐஐடி. ஜெயின்ஸ் கோரல் கோவுக்கு 370 கிலோவுக்கு மேல் மருந்து வேண்டியிருந்தது. அதே போலப் பதினேழு மாடிகொண்ட கோல்டன் காயலோரத்துக்குச் சுமார் 15 கிலோ போதுமாக இருந்தது. எத்தனை மாடி என்பதை வைத்து மருந்தைக் கணக்குப் போட முடியாது என்பதற்கு இதைவிட உதாரணம் வேண்டாம். காயலோரத்தை ஒட்டி ஓர் அங்கன்வாடி. அதைப் போர்த்தி மூடிவைத்தார்கள்; கட்டடத்தை இரண்டாகப் பிளந்து விழவைத்தார்கள். அங்கன்வாடிக்கு ஒன்றும் ஆகவில்லை. முதல் கட்டடமான ஹெச்2ஓவை 11 மணிக்கு என்று அறிவித்து 11.18க்குத்தான் வெடித்தார்கள். டிவியில் பொறுமையிழந்து கூச்சல். எனக்கு அந்தப் பதினெட்டு நிமிடம்தான் பிடித்திருந்தது.

நொய்டா இரட்டைக் கோபுரத்தை வெடித்து இறக்கியது உங்களுக்குத் தெரியும்: 2022 ஆகஸ்ட் 28, சுமார் 3,700 கிலோ மருந்து, ஒன்பது விநாடி, ஒன்பது மீட்டர் தூரத்தில் இன்னொரு குடியிருப்பு. அதே ஆண்டு அக்டோபர் 2 அன்று அதிகாலை புனே சாந்தினி சௌக் பழைய பாலத்தை வெடித்தார்கள். சுமார் 600 கிலோ மருந்து. பாலம் முழுசாக விழவில்லை; கான்கிரீட்டுக்குள் கம்பி எதிர்பார்த்ததைவிட அதிகம். மிச்சத்தை இயந்திரம் வைத்து இடித்தார்கள். ஊடகம் கேலி செய்தது. நான் செய்ய மாட்டேன். பழைய கட்டுமானத்தின் உள்ளே என்ன இருக்கிறது என்பதை வரைபடம் ஒருபோதும் முழுசாகச் சொல்வதில்லை.

எங்கள் ஊரிலேயே அதற்குச் சாட்சி நிற்கிறது. 1942இலிருந்து 1945வரை ஜப்பானியர்கள் தீவை வைத்திருந்தபோது கட்டிய கான்கிரீட் பதுங்குகுழிகள், கார்பின்ஸ் கோவ் கடற்கரை போன்ற இடங்களில் இன்னமும் அசையாமல் இருக்கின்றன. சாத்தம் மர ஆலையில் அந்தப் போரில் குண்டு விழுந்த பள்ளத்தைக்கூட வைத்திருக்கிறார்கள். ஒருவர் தன் இடத்தை ஒட்டிய பழைய கான்கிரீட் கூண்டு ஒன்றை ‘ஒரே வெடியில்’ எடுத்துத்தர முடியுமா என்று கேட்டு வந்தார். போய்ப் பார்த்தேன். பதினைந்தடி தூரத்தில் ஓர் ஓட்டு வீடு, திண்ணையில் ஒரு பாட்டி. “இதுக்கு வெடி கூடாது. முதல்ல இதைத் தொட உங்களுக்கு அதிகாரம் இருக்கான்னு கேட்டுட்டு வாங்க. இருந்தாலும் வெடி கூடாது” என்றேன். சுண்ணாம்பு வகைப் பொடி ஒன்று இருக்கிறது. துளையில் தண்ணீரோடு கலந்து ஊற்றினால் ராத்திரி முழுக்க உப்பிக் கல்லைச் சத்தமில்லாமல் பிளந்துவிடும். அதற்கு ஆகும் நாளைச் சொன்னேன். அவருக்குப் பிடிக்கவில்லை, போய்விட்டார். வெடி வேண்டாம் என்று சொல்வதற்கும் வெடிக்காரன்தான் வேண்டும். அதற்கு யாரும் கூலி தருவதில்லை.

தீவில் இன்னொரு எதிரி இடி. இரண்டு பருவமழையும் இங்கே பெய்யும். மின் டெட்டனேட்டர் வைத்திருக்கும்போது தூரத்தில் இடி கேட்டாலே வேலையை நிறுத்தி எல்லோரும் விலகிவிட வேண்டும். பக்கத்து மின்கம்பி, வயர்லெஸ் கருவி, சட்டையில் சேரும் நிலைமின்சாரம் எல்லாமே அதற்கு ஆபத்துதான். ஸ்வீடனில் பிறந்த நோனல் என்ற பிளாஸ்டிக் குழாய் முறை வந்தபின் அந்தத் தொல்லை குறைந்தது. அதில் மின்சாரமே இல்லை. மின் டெட்டனேட்டர்களுக்கு 2025 ஏப்ரல் முதல் தடை என்று அரசும் அறிவித்தது. நல்ல முடிவு. இருபது வருஷம் முன்னால் வந்திருக்க வேண்டியது.

சினிமாவில் இப்போது பாதி வெடி கம்ப்யூட்டரில். பழைய ஆட்கள் வருத்தப்படுகிறார்கள். எனக்கு வருத்தமில்லை. பட்டறைகளில் யார் யாரோ, எந்தச் சான்றும் இல்லாமல், தினக்கூலிக்கு மருந்து கட்டிக்கொண்டிருந்த காலம் போகட்டும். நிஜ வெடி வேண்டும் என்கிற இயக்குநர் வைத்துக்கொள்ளட்டும். ஆனால் வெடிமருந்துச் சட்டத்தின் கீழ், நாக்பூரில் தலைமையகம் உள்ள ‘பெசோ’ என்கிற மத்திய வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பு தரும் ஷாட்ஃபயரர், அதாவது வெடி வைப்பவர், சான்று உள்ள ஆள் தளத்தில் இருக்க வேண்டும். அவர் ‘இல்லை’ என்றால் அதுவே கடைசி வார்த்தையாக இருக்க வேண்டும். யூனியன்கள் இதை எழுத்தில் வாங்க வேண்டும்.

கடைசியாக, வாசிக்கிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். குவாரி, கிணறு வெட்டிய இடம், சாலை வேலை நடந்த இடம், பழைய படப்பிடிப்புத் தளம் எதிலாவது, சுண்டுவிரல் நீளத்தில் பளபளக்கும் ஓர் உலோகக் குழாயும் அதன் ஒரு முனையிலிருந்து இரண்டு கலர் வயரோ மெல்லிய பிளாஸ்டிக் குழாயோ நீண்டிருப்பதையும் பார்த்தால் தொடாதீர்கள். அது காலி என்று நினைக்காதீர்கள், நகர்த்தாதீர்கள், போட்டோ எடுக்கக் கிட்டே போகாதீர்கள். மற்றவர்களையும் விலக்கிவிட்டு, இடத்தை அடையாளம் வைத்து 112க்குச் சொல்லுங்கள். வீட்டில் பிள்ளைகள் இருந்தால் அவர்களிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள்.